மோட்டாரை நிறுத்திய அண்ணாச்சிக்கு

படம் முடிந்துவிட்டது. ராத்திரி 2 மணிக்குக் கடைசி மிக்ஸ் கேட்டோம், இன்னும் தூங்கவில்லை, எழுதுவது முன்பின்னாக இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். ஹார்ட் டிஸ்கோடு படத்தின் சத்தமெல்லாம் போன கதை உங்கள் எல்லோருக்கும் தெரியும், திரும்பக் கிளறவில்லை.

11 நிமிடப் படம், வசனம் மொத்தமே மூன்று வார்த்தை. மிச்சமெல்லாம் தூத்துக்குடி உப்பளம், விடிவதற்கு முந்தைய இருட்டு, காற்று. அதில் சத்தம் போனால் என்ன மிஞ்சும்? காற்றை ஸ்டுடியோவிலேயே செய்துகொள்ளலாம் என்றார்கள். செய்து பார்த்தோம், சீலிங் ஃபேன் மாதிரி இருந்தது.

சரி என்று நானும் சவுண்ட் தம்பியும் ரெக்கார்டரைத் தூக்கிக்கொண்டு திரும்பப் போனோம். போனால் பாத்திக்குப் பக்கத்திலேயே போர் மோட்டார் ஓடுகிறது. காவலுக்கு இருந்த அண்ணாச்சியிடம் தயங்கித்தான் கேட்டோம். இறைத்த உவர்நீர் வெயிலில் வற்றி, அதன் அடர்த்தி 25 டிகிரி போமே அளவுக்கு ஏறினால்தான் உப்பு இறங்கும், தண்ணீர் பாய்வதை நிறுத்தச் சொல்வது அவர் வேலையையே நிறுத்தச் சொல்வதுதான். "சத்தமே இல்லாத சத்தம் வேணும், அதான?" என்று கேட்டுவிட்டுப் போய் சுவிட்சை அணைத்தார். ரேடியோவையும் அணைத்தார். இடுப்பிலிருந்த சாவிக்கொத்தைத் துண்டில் சுற்றினார். அப்புறம் செருப்பைக் கழற்றி வரப்பில் வைத்தார். "நடந்தா உப்பு நொறுங்குத சத்தம் கேட்கும்லா."

நாற்பது நிமிடம் மூவரும் அசையாமல் நின்றோம். முடிந்து டார்ச் அடித்தபோதுதான் பார்த்தேன், அவர் குதிகாலில் ஆழமாக வெடிப்பு, நின்றதோ உப்புத் தண்ணீர் ஊறிய மண்ணில். கேட்டதற்கு, "இது எப்பவும் உள்ளதுதான்" என்று மறுபடி மோட்டாரைப் போடப் போய்விட்டார். பெயரும் போட வேண்டாமாம்.

காசு வாங்காமல் கலர் செய்தவர், லென்ஸ் கொடுத்தவர், நூறு இருநூறாகப் பணம் அனுப்பியவர்கள், மூன்று வாரமாக என் புலம்பலைக் கேட்ட அக்கா, எல்லோருக்கும் நன்றி. இனி ஒவ்வொரு ஃபைலுக்கும் மூன்று காப்பி, சத்தியம். முதல் திரையிடல் அந்த உப்பளத்தில்தான், திரைக்கு ஒரு வேட்டி போதும்.

அந்த ரெக்கார்டிங்கில் ஓரிடத்தில் மெல்லிசாக ஒரு "ஸ்ஸ்" வருகிறது. எடிட்டர் அதை எடுத்துவிடலாம் என்றார். எடுக்க விடவில்லை. ஏழாவது நிமிடத்தில் இருக்கிறது, ஹெட்ஃபோனில் கேளுங்கள்.