படம் எடுத்ததோடு வேலை முடியவில்லை

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

பேரிடரிலிருந்து மீளும் ஊர்களைப் பற்றிய ஆவணப்படங்கள் குறித்த கட்டுரையைப் படித்தேன். புயல், பூகம்பம், சுனாமி எல்லாம் இருந்தன. தொழிற்சாலை கொண்டுவந்த பேரழிவு பற்றி ஒரு வரிகூட இல்லை. ஜப்பானிய ஆவணப்பட இயக்குநர் நொரியாக்கி சுச்சிமோத்தோவை எப்படி விட்டீர்கள்?

ஜப்பானின் மினமாட்டாவில் சிஸ்ஸோ ஆலை கடலில் விட்ட பாதரசம் மீன் வழியாக மக்கள் உடம்பில் ஏறியது. 1956இலேயே நோய் வெளியே தெரிந்தும் 1968 வரை கழிவு நிற்கவில்லை. 1965இல் தொலைக்காட்சிக்காக அங்கே போன சுச்சிமோத்தோவை, பிள்ளையைப் படம் எடுத்ததற்காக ஒரு தாய் திட்டித் தீர்த்துவிட்டார். ஆடிப்போனவர், சில வருடங்கள் கழித்துத்தான் மறுபடி கேமராவோடு அந்த ஊருக்குப் போனார். அப்புறம் அந்தக் கடற்கரையை அவர் விடவே இல்லை.

1971இல் வந்த அவருடைய படத்தில் ஒரு பெரியவர் ஆழமில்லாத கடலில் நடந்தே ஆக்டோபஸ் பிடிப்பார். பிடித்ததும் அதன் கண்களுக்கு நடுவே பல்லால் கடித்துக் கொல்வார். அவ்வளவு லாவகம், அவ்வளவு சந்தோஷம்! விஷம் கலந்த கடல்தான், ஆனாலும் அது அவருடைய கடல். அதே படத்தில், ஆளுக்கொரு பங்கு வாங்கி, யாத்திரிகர்களின் வெள்ளை உடையில் ஆலையின் பங்குதாரர் கூட்டத்துக்கே போய் நிற்கிறார்கள் நோயாளிகள். அழுகிற முகங்களை மட்டும் காட்டியிருந்தால் இந்த மனிதர்களை நாம் பார்த்தே இருக்க மாட்டோம்.

எனக்கு இதைவிடப் பெரிதாகப் படுவது 1977இல் அவர் செய்த காரியம். மினமாட்டாவை ஒட்டிய ஷிரானுய் கடலோரத்தில் அதே மீனைத் தின்றவர்கள் எத்தனையோ பேர், தங்களுக்கு வந்திருப்பது என்னவென்று தெரியாமலும், தெரிந்தால் வெளியே சொல்லக் கூசியும் இருந்தார்கள். அவர் தன் படங்களைத் தூக்கிக்கொண்டு நூற்றுக்கும் மேற்பட்ட குக்கிராமங்களுக்குப் போய்த் திரையிட்டார். விருது விழாக்களுக்குப் படம் அனுப்புகிறவர்கள் நிறையப் பேர். எந்தக் கடலைப் படம் எடுத்தாரோ, அந்தக் கடலோர மக்களிடமே படத்தைக் கொண்டுபோனவர் இவர்.

நம் கொடைக்கானலிலும் பாதரச வெப்பமானித் தொழிற்சாலை ஒன்று 2001இல் மூடப்பட்டது. அங்கே வேலை பார்த்தவர்கள் நியாயம் கேட்டு வருடக்கணக்கில் போராடினார்கள். அவர்கள் இந்தப் படங்களைப் பார்க்க வேண்டும். தமிழ் வசனவரிகளோடு கொடைக்கானலில் திரையிட ஏதாவது திரைப்பட இயக்கம் முன்வருமா? உங்கள் இதழ் அதற்கு ஒரு அழைப்பு விடுத்தால் நன்றாக இருக்கும்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
திண்டுக்கல்