கடாரத்துக்கு ஒரு முழு நாள் கொடுங்கள்

அன்புள்ள ஆசிரியருக்கு,

வணக்கம். பள்ளி விடுமுறை வந்தால் பினாங்குக்குக் கிளம்பும் சிங்கப்பூர்த் தமிழ்க் குடும்பங்கள் ஏராளம். தண்ணீர்மலை முருகனைக் கும்பிடுவோம், கொடிமலை ரயிலில் ஏறி இறங்குவோம், நாசி கண்டார் சாப்பிடுவோம். இப்போது அந்த வரிசையில், நம் முன்னோர் கடாரம் என்று அழைத்த கெடாவின் பூஜாங் பள்ளத்தாக்கும் சேர்ந்திருக்கிறது. 'பழங்காலக் கோயில்கள், ஒரு நாள் சுற்றுலா, தமிழ் வழிகாட்டி உண்டு' என்று விளம்பரம் செய்து வேனில் அழைத்துப் போகிறார்கள். அண்மையில் நானும் குடும்பத்தோடு போய் வந்தேன். இப்படிப் போகிறவர்களிடமும், இப்பயணங்களை ஏற்பாடு செய்யக்கூடிய நம் அமைப்புகளிடமும் சொல்ல வேண்டியது கொஞ்சம் இருக்கிறது. அதற்குத்தான் இந்தக் கடிதம்.

முதலில், அவசியம் போங்கள். பாலத்தைக் கடந்து நெடுஞ்சாலையில் வடக்கே போய், சுங்கை பட்டாணியைத் தாண்டி மெர்போக் பக்கம் திரும்பினால் எதிரே குனோங் ஜெராய் மலை நிற்கிறது. உயரம் சுமார் 1,200 மீட்டர். சுற்றிலும் சமவெளி என்பதால் கடலில் வெகுதூரம் வரை தெரியும். வங்கக் கடலைக் கடந்து வந்த மாலுமிகள் இந்த மலையைப் பார்த்துத்தான் கரை வந்துவிட்டதென்று மூச்சு விட்டிருப்பார்கள். மலையடிவாரத்தில் அரும்பொருளகம். அதன் வளாகத்தில், ஓடையோரச் சரிவில், புக்கிட் பத்து பாகாட் கோயிலின் அடித்தளம் இருக்கிறது. 1930களில் குவாரிட்ச் வேல்ஸ் என்ற ஆங்கிலேய ஆய்வாளரும் அவர் மனைவியும் தோண்டிப் பார்த்தது. பிறகு 1960 வாக்கில் அலஸ்டர் லேம்ப் என்ற ஆய்வாளர் கற்களை மறுபடி அடுக்கி நிறுத்தினார். இந்தக் கோயில் தன் சொந்த இடத்திலேயே இருக்கிறது. பெண்டியாட், பெண்டாங் டாலாம் போன்ற மற்ற கோயில்களை வேறு இடங்களிலிருந்து பெயர்த்துக் கொண்டுவந்து இங்கே வைத்திருக்கிறார்கள். எது இருந்த இடத்தில் இருக்கிறது, எது வந்து சேர்ந்தது என்ற இந்த அடிப்படை விவரத்தைக்கூட எங்கள் வழிகாட்டி சொல்லவில்லை.

அவர் நல்ல பிள்ளை. பாட்டிகளைக் கைபிடித்துப் படியேற்றிவிட்டார். ஆனால் வேன் கிளம்பியதிலிருந்து அவர் சொன்னதெல்லாம் ஒரே கதை: ராஜேந்திர சோழன் கப்பற்படையோடு வந்தான், கடாரத்தை வென்றான், இந்தக் கோயில்களைக் கட்டினான். வேனில் கைதட்டல். வளாகத்தில் ஒரு மணி நேரம்கூட இருக்கவிடவில்லை. மதியச் சாப்பாடு, பிறகு பழத்தோட்டம், பிறகு ஒரு கடை. கடையில் இருந்த நேரம் கோயில்களில் இருந்ததைவிட அதிகம்.

அந்தக் குறைந்த நேரத்தில் கண்ணில் பட்ட ஒன்றைச் சொல்கிறேன். புக்கிட் பத்து பாகாட் மண்டபத் தளத்தில் வட்டமான கல் பீடங்கள் வரிசையாக இருக்கின்றன. ஒவ்வொன்றின் நடுவிலும் ஒரு குழி வெட்டியிருக்கிறார்கள். முதல்நாள் மழைத் தண்ணீர் அவற்றில் தேங்கி நின்றது. எங்களோடு வந்த ஒரு பையன், உயர்நிலை ஒன்று படிக்கிறவன், குழிக்குள் விரல்விட்டுப் பார்த்துவிட்டு, "அண்ணே, இது எதுக்கு? கூரை எங்கே போச்சு?" என்று கேட்டான். "எல்லாம் இடிஞ்சு போச்சு தம்பி, ஆயிரம் வருஷம் ஆச்சுல்ல" என்று வழிகாட்டி நகர்ந்துவிட்டார்.

எவ்வளவு நல்ல கேள்வி! நான் கட்டுமானத் துறையில் இருந்தவன். தூண் நிற்கும் குழியைப் பார்த்தால் எனக்குத் தெரியும். அதில் நின்றவை மரத்தூண்கள். கல்லால் தளம், மரத்தால் தூணும் கூரையும். தஞ்சாவூரில் பார்ப்பதுபோல் உச்சிவரை கல்லில் எழுப்பிய கோபுரம் இங்கே இருந்ததில்லை. மரம் ஏராளமாய்க் கிடைக்கிற, மழை ஓயாத நாட்டில், இந்த ஊர்க் கைவினைஞர்கள் தங்களுக்குப் பழகிய முறையில் கட்டியிருக்கிறார்கள். கருவறை, மண்டபம் என்ற அமைப்பு நமக்குத் தெரிந்ததுதான். கட்டிய கை இந்த மண்ணுடையது. அந்தப் பையனுக்கு இதை யாராவது இரண்டே நிமிடம் சொல்லியிருந்தால் வாழ்நாளுக்கும் மறந்திருக்க மாட்டான். இதே கோயிலின் அடியில் ஒன்பது குழிகள் கொண்ட கல் பெட்டிகள் புதைத்து வைக்கப்பட்டிருந்தன. கோயில் எழுப்பும்போது அடித்தளத்தில் பொன்னும் மணியும் வைக்கும் வழக்கம் இன்றும் நம்மிடம் உண்டு. கும்பாபிஷேகம் பார்த்த சிங்கப்பூர்ப் பிள்ளைக்கு இது சட்டென்று புரியும்.

சரி, ராஜேந்திரன் விஷயத்துக்கு வருகிறேன். 1025இல் சோழர் படை கடாரத்தின்மீது வந்தது உண்மை. தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டே சொல்கிறது. ஆனால் அரசனின் புகழைப் பாடும் அந்த மெய்க்கீர்த்தி என்ன சொல்கிறது என்று படித்துப் பாருங்கள். கடாரத்து அரசனை யானைகளோடு பிடித்ததையும், குவிந்து கிடந்த செல்வத்தையும், நகர வாயிலின் வித்தியாதரத் தோரணத்தையும், மணி பதித்த கதவுகளையும் கைப்பற்றியதையும்தான் பெருமையாக அடுக்குகிறது. கோயில் கட்டியதாக அதில் ஒரு சொல்லும் இல்லை. எடுத்ததைச் சொன்ன அரசன் கட்டியிருந்தால் அதையும் சொல்லியிருப்பான் அல்லவா? அதற்கு இருபது ஆண்டுகளுக்கு முன்னர் நிலைமை வேறு. கடாரத்து அரசன் ஸ்ரீமாற விஜயோத்துங்கவர்மன் தன் தந்தை பெயரில் நாகப்பட்டினத்தில் சூடாமணி விகாரத்தைக் கட்டிக்கொள்ள ராஜராஜன் இடம் கொடுத்து, 1006 வாக்கில் ஆனைமங்கலம் என்ற ஊரின் வருவாயையும் எழுதிவைத்தான். சைவப் பேரரசன் பௌத்த விகாரத்துக்குத் தந்த கொடை. அதுவும் நம் வரலாறுதான். அதைச் சொன்னால் ஏன் யாரும் கைதட்டுவதில்லை?

பூஜாங் பள்ளத்தாக்கு சோழர்களுக்குப் பல நூற்றாண்டு மூத்தது. பொதுவாக ஆய்வாளர்கள் அங்குள்ள பௌத்தச் சின்னங்களை 5 முதல் 10ஆம் நூற்றாண்டு வரையிலும், இந்துக் கோயில்களைப் பெரும்பாலும் அதற்குப் பின் 14ஆம் நூற்றாண்டு வரையிலும் வைக்கிறார்கள். அதற்குக் கொஞ்சம் தெற்கே, செபராங் பிறையில், 1834இல் கேப்டன் ஜேம்ஸ் லோ கண்டெடுத்த கல்வெட்டில் புத்தகுப்தன் என்ற தலைமை மாலுமி தன் கடற்பயணம் நல்லபடி முடிய வேண்டிக்கொள்கிறான். 5ஆம் நூற்றாண்டுக்காரன். அந்தக் கல் இப்போது கொல்கத்தா அரும்பொருளகத்தில் இருக்கிறது. என்னைப் பொறுத்தவரை கடாரம் என்றால் முதலில் நினைவுக்கு வர வேண்டியவன் இவன்தான். சரக்கேற்றி, காற்றுக்குக் காத்திருந்து, பயத்தோடு கடல் கடந்து வந்தவன். நம்மில் எத்தனை பேரின் தாத்தாக்கள் அப்படி வந்தவர்கள்!

மெர்போக் போகும் வழியிலேயே இருக்கும் சுங்கை பத்துவில் எங்கள் வேன் நிற்கவே இல்லை. மலேசிய அறிவியல் பல்கலைக்கழகக் குழு 2009 முதல் அங்கே தோண்டி, இரும்பு உருக்கிய உலைகளையும் காற்று ஊதும் சுடுமண் குழாய்களையும் செங்கல் கட்டடங்களையும் வெளிக்கொணர்ந்தது. கி.மு. காலத்துக்கு அதைக் கொண்டுபோகும் கணிப்பில் அறிஞர்களிடையே கருத்து வேறுபாடு உண்டு. இருக்கட்டும். இரும்பு உருக்கி ஏற்றுமதி செய்த மக்கள் அங்கே வாழ்ந்தார்கள் என்பதில் சந்தேகமில்லை. அந்தச் செல்வம்தான் கப்பல்களை இழுத்தது, கப்பல்களோடு வணிகர்கள் வந்தார்கள், அவர்களோடு தெய்வங்கள் வந்தன. உலையைப் பார்க்காமல் கோயிலை மட்டும் பார்த்துத் திரும்பினால் பாதிக் கதைதான் கையில் இருக்கும்.

இன்னொன்றும் மனத்தை உறுத்துகிறது. அண்டை நாட்டு மண்ணில் நின்றுகொண்டு, 'நாங்கள் படையெடுத்து வென்ற இடம்' என்று பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுப்பது எனக்குச் சரியாகப் படவில்லை. கெடாவின் மலாய்க்காரருக்கும் அது முன்னோர் ஊர். கோயிலைச் சுற்றிக் காவலுக்கு நிற்பவரும் புல் வெட்டுகிறவரும் அவர்கள்தான். அவர்கள் காதில் நம் கைதட்டல் எப்படி விழும்? 2013 இறுதியில் சுங்கை பத்துப் பக்கம் 11ஆம் எண் இட்ட பழங்கோயிலை ஒரு நில மேம்பாட்டாளர் இடித்துத் தள்ளியது தெரியவந்தபோது, மலேசியாவில் பல இனத்தவரும் அதைக் கண்டித்தார்கள். இடிபாடுகள் எல்லாருக்கும் சொந்தம் என்ற எண்ணம் இருந்தால்தான் அவை பிழைக்கும். நாம் இதை நன்றாகவே அறிந்திருக்க வேண்டும். 1843இல் சிங்கப்பூர் ஆற்று முகத்துவாரத்தில் இருந்த கல்வெட்டுப் பாறையை வெடி வைத்துத் தகர்த்த ஊர் இது. மிஞ்சிய துண்டு தேசிய அரும்பொருளகத்தில் இருக்கிறது. இன்றுவரை யாராலும் அதை ஐயமறப் படிக்க முடியவில்லை.

நான் கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. ஏப்ரல் தோறும் தமிழ்மொழி விழா நடத்துகிறோம். ஊர் கூடிப் பயணம் போகும் அமைப்புகளும் நம்மிடம் நிறைய. அவற்றில் ஏதாவது ஒன்று இந்தப் பயணத்தைப் பொறுப்பெடுத்துச் செய்யட்டும். பினாங்கிலிருந்து காலையில் கிளம்பினால் சுங்கை பத்துவில் வெயில் ஏறுமுன் பார்த்துவிடலாம். மதியத்துக்குப் பின் முழுவதும் அரும்பொருளக வளாகத்தில் இருக்கலாம். கடையும் பழத்தோட்டமும் வேண்டாம். வரலாறோ தொல்லியலோ படித்த இளையர்கள் நம்மிடம் இருக்கிறார்கள், அவர்களில் ஒருவர் கூட வரட்டும். ஊர் வழிகாட்டியை ஒதுக்கிவிடச் சொல்லவில்லை. அவருக்கு முன்கூட்டியே தமிழில் ஒரு சிறு கையேடு தயாரித்துக் கொடுக்கலாம். கேட்க ஆள் இருந்தால் அவரும் ஆசையாகச் சொல்வார். எங்களோடு வந்த வழிகாட்டியே, நான் தூண்குழியைப் பற்றிச் சொன்னதும் ஓடிப்போய்க் கைப்பேசியில் படம் எடுத்துக்கொண்டார்.

போவதற்கு முந்தைய வாரம் பிள்ளைகளை ஃபோர்ட் கேனிங் குன்றுக்கு அழைத்துப் போங்கள். 1984இல் பேராசிரியர் ஜான் மிக்சிக் தோண்டத் தொடங்கிய இடம். அங்கே கிடைத்த சீனப் பீங்கான் துண்டுகளைப் பார்த்துவிட்டுப் போனால், பூஜாங் அரும்பொருளகத்தில் இருக்கும் பீங்கான் ஓடுகளும் கண்ணாடித் துண்டுகளும் மணிகளும் தானாகவே பேசும். சிங்கப்பூரும் கடாரமும் ஒரே கடல்வழியில் இருந்த துறைமுகங்கள் என்பதைப் பாடப்புத்தகம் இல்லாமலே பிள்ளைகள் பிடித்துக்கொள்வார்கள்.

தனியாகப் போகும் குடும்பங்களுக்கும் ஒரு வார்த்தை. முன்பதிவு செய்யும்போதே 'சுங்கை பத்துவில் நிற்பீர்களா, அரும்பொருளகத்தில் எத்தனை மணி நேரம்' என்று கேளுங்கள். காசு கொடுப்பவர்கள் கேட்டால் அட்டவணை மாறும். நல்ல காலணி, குடை, தண்ணீர் கொண்டுபோங்கள், படிகள் மழையில் வழுக்கும். இந்தப் பயணத்தைப் பொறுப்பேற்க எந்த அமைப்பாவது முன்வந்தால், கல்லையும் கட்டடத்தையும் பற்றி எனக்குத் தெரிந்த அளவில் விளக்க நான் சொந்தச் செலவில் கூட வருகிறேன்.

இப்படிக்கு,
உங்கள் வாசகர்,
ஈசூன்