நிறுத்தி வைக்கப்படும் வழக்கு எதற்காக, எதுவரை நிற்க வேண்டும்?

மாண்புமிகு சென்னை உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதி அவர்களுக்கும், தமிழ்நாட்டின் மாவட்ட, சார்பு, முன்சீப் நீதிமன்ற நீதிபதிகளுக்கும் வணக்கம்.

நிலம், உயில், பாகப்பிரிவினை தொடர்பான வழக்குகளில் சாட்சி விசாரணை தொடங்கும் நேரத்தில், "இதே விவகாரத்தில் வேறொரு நடவடிக்கை நிலுவையில் உள்ளது, அது முடியும்வரை இவ்வழக்கை நிறுத்தி வைக்க வேண்டும்" என்று ஒரு மனு வருவது வழக்கமாகிவிட்டது. அம்மனு சில வேளைகளில் முற்றிலும் நியாயமானது. பல வேளைகளில் அது காலம் கடத்தும் கருவி. இரண்டையும் பிரித்தறியும் அளவுகோல் சட்டத்திலேயே இருக்கும்போது, ஓரிரு வரி ஆணையில் வழக்கு ஆண்டுக்கணக்கில் உறைந்துவிடக் கூடாது என்பதே என் முறையீடு.

உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 10-ஆம் பிரிவு கேட்பது குறுகிய ஒன்று. அதே தரப்பினரிடையே, அதே பிரச்சினை நேரடியாகவும் முக்கியமாகவும் எழும் முந்தைய வழக்கு ஒன்று, தகுதியுள்ள நீதிமன்றத்தில் நிலுவையில் இருந்தால் பிந்தைய வழக்கின் விசாரணை நிற்க வேண்டும். முந்தைய வழக்கின் இறுதித் தீர்ப்பு பிந்தையதில் முன்தீர்ப்புத் தடையாக (முடிந்துபோன பிரச்சினையை மீண்டும் எழுப்ப முடியாத தடையாக) அமையுமா என்பதே சோதனை என்று, பெங்களூரு நிம்ஹான்ஸ் மனநல மருத்துவ நிறுவனம் தொடர்பான வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கியது. தொழிலாளர் நீதிமன்ற நடவடிக்கை இப்பிரிவுக்குள் வராது என்பதும் அங்கேயே முடிவானது. இப்பிரிவின்கீழ் நிற்பதும் விசாரணை மட்டுமே. இடைக்கால ஆணை பிறப்பிக்கும் அதிகாரம் நின்றுவிடுவதில்லை.

குற்ற வழக்கைக் காரணம் காட்டும் மனுக்களே மிகுந்த கவனத்தைக் கோருகின்றன. இதற்கான அடிப்படைத் தீர்ப்பு சென்னையிலிருந்து சென்ற வழக்கில் பிறந்தது: 1954-இல் உச்ச நீதிமன்றம் முடிவு செய்த எம்.எஸ்.ஷெரீஃப் வழக்கு. சட்டவிரோதக் காவலில் வைக்கப்பட்டதாகக் கூறிய இருவர் இழப்பீட்டு வழக்கும் தொடுத்திருந்தனர்; காவல் உதவி ஆய்வாளர்கள் மீதோ குற்ற நடவடிக்கைகள் இருந்தன. இரு நீதிமன்றங்களும் முரண்பட்ட முடிவுக்கு வரக்கூடும் என்பது பொருட்படுத்தத்தக்க காரணமல்ல என்று ஐந்து நீதிபதிகள் அமர்வு கூறியது. குற்றம் சாட்டப்பட்டவர் உரிமையியல் வழக்கில் தம் எதிர்வாதத்தை முன்கூட்டியே வெளிப்படுத்த நேரும் இக்கட்டு போன்றவைதான் பொருட்படுத்தத்தக்கவை. குற்ற வழக்கு விரைந்து முடிய வேண்டும் என்பதால் அதற்கு முன்னுரிமை தந்து, இழப்பீட்டு வழக்குகளை நிறுத்தி வைத்த அதே அமர்வு, இது மாறாத விதியல்ல என்றும், முடிவை நெருங்கிவிட்ட உரிமையியல் வழக்கை நிறுத்துவது பொருந்தாமல் போகலாம் என்றும் சேர்த்தே சொன்னது. ஆனால் குற்ற வழக்குக்கு முன்னுரிமை என்ற பகுதி மட்டுமே மனுக்களில் எடுத்தாளப்படுகிறது. முதல் தகவல் அறிக்கையோடு நின்று, குற்றப்பத்திரிகைகூடத் தாக்கலாகாத புகாருக்காக வாதி காத்திருக்க வேண்டுமென்றால், அத்தீர்ப்பு சொன்ன காரணமே அங்கு இல்லை என்பது என் கருத்து. உரிமையியல் வழக்கு தொடுக்கப்பட்ட பிறகு, அதை நிறுத்துவதற்கென்றே கொடுக்கப்படும் புகார்களை இன்னும் கடுமையாகப் பார்க்க வேண்டும்.

பட்டா மேல்முறையீட்டைக் காரணம் காட்டுவது இதைவிடப் பலவீனமானது. 1983-ஆம் ஆண்டுப் பட்டா பாஸ் புத்தகச் சட்டப்படி, உரிமையை நிலைநாட்ட விழைபவர் உரிமையியல் நீதிமன்றத்தையே நாட வேண்டும். அந்நீதிமன்றம் உரிமை யாருக்கு என்று அறிவிக்கும் விளம்புகைப்படிதான் வருவாய்ப் பதிவு திருத்தப்படும். வருவாய்க் கோட்டாட்சியரின் முடிவுக்காக நீதிமன்றம் காத்திருப்பது இந்த வரிசையையே தலைகீழாக்குகிறது.

நிறுத்தம் நியாயமாகவே அமையும் வழக்குகளிலும் இழப்பு உண்டு. உயில் போலி என்ற குற்றச்சாட்டுக்காக வழக்கு நிற்கும்போது, உயில் எழுதப்பட்டபோது சாட்சிக் கையெழுத்திட்டவர்களில் உயிரோடிருக்கும் ஒரே சான்றொப்ப சாட்சி முதியவராக இருக்கலாம். சான்றொப்பமிட்டவர்களில் ஒருவரையேனும் விசாரிக்காமல் உயிலை மெய்ப்பிக்க முடியாது என்பது பொது விதி. அவரும் இறந்துவிட்டால் கையெழுத்தை அடையாளம் காட்டும் கடினமான வழிதான் மிஞ்சும். அத்தகைய சாட்சியை உடனே விசாரித்துப் பதிவு செய்ய உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 18-ஆம் கட்டளையின் 16-ஆம் விதி வழி தருகிறது. நிறுத்த ஆணை பிறப்பிக்கும் அன்றே அதையும் பரிசீலிக்க வேண்டுகிறேன்.

ஆறு மாதத்தில் தடையாணை தானாகவே காலாவதியாகும் என்று 2018-இல் உச்ச நீதிமன்றம் வகுத்த விதியை அதன் அரசியல் சாசன அமர்வே 2024 பிப்ரவரியில் விலக்கியது. அது சரியான முடிவு. தம் தவறு எதுவுமின்றி ஒருவர் பாதுகாப்பை இழக்கக் கூடாது. தானியங்கிக் கெடு இல்லாத நிலையில் பொறுப்பு முழுவதும் ஆணையிடும் நீதிபதியிடம் வந்து சேர்கிறது. ஆகவே, எந்த நடவடிக்கைக்காக நிறுத்தம், அது இப்போது எக்கட்டத்தில் இருக்கிறது, தொடர்ந்தால் யாருக்கு என்ன பாதிப்பு, எந்தத் தேதியில் இந்த ஆணை மீண்டும் பரிசீலிக்கப்படும் என்பவற்றை ஒவ்வொரு நிறுத்த ஆணையும் பதிவு செய்யுமாறு, உயர் நீதிமன்றம் தன் மேற்பார்வை அதிகாரத்தின்கீழ் ஒரு சுற்றறிக்கை வெளியிட வேண்டுகிறேன். அந்தத் தேதியில் குற்ற வழக்கின் நிலையை ஆவணத்தோடு தெரிவிக்கும் கடமை, நிறுத்தம் கேட்ட தரப்பினருடையதாக இருக்கட்டும்.

பணிவுடன்,
உரிமையியல் வழக்குகளை நடத்திவரும் ஒரு வழக்கறிஞர்