ஃபோமட் செய்யும் முன் உரிமையாளரைக் கேளுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

பழுதடைந்த மெமரி கார்டைக் கணினியில் செருகியதும், அதை ஃபோமட் செய்ய, அதாவது வெறுமையாக்கிப் புதிதாக அமைக்க, வேண்டும் என்று திரையில் ஓர் அறிவிப்புத் தோன்றுவதுண்டு. கொழும்பில் தொலைபேசி திருத்தும் கடைகள் சிலவற்றில், உரிமையாளரிடம் ஒரு வார்த்தையேனும் கேளாமல் அதற்குச் சம்மதம் கொடுத்துவிடுவதைக் கண்டு மனம் வருந்தி இதை எழுதுகிறேன்.

அழிக்கப்பட்ட படம் கார்டிலிருந்து உடனே மறைந்துவிடுவதில்லை. எந்தக் கோப்பு எங்கே உள்ளது என்பதைக் காட்டும் அட்டவணையில் அந்த இடம் காலியானதாகக் குறிக்கப்படுகிறது. அங்கே புதிதாக ஒன்று எழுதப்படும்வரை பழைய படம் அப்படியே இருக்கும். விரைவு ஃபோமட்டும் பெரும்பாலும் அட்டவணையையே வெறுமையாக்குகிறது என்றாலும், அது போய்விட்டால் துண்டுதுண்டாகப் பதிவாகியுள்ள நீண்ட காணொளிகளை ஒழுங்காகக் கோத்தெடுப்பது மிகக் கடினம். அதன் பின்னர், கார்ட் சரியாகிவிட்டது என்று நம்பிப் புதுப் படங்களையும் எடுத்துவிட்டால், அவை பழையவற்றின் மேலேயே எழுதப்படக்கூடும்.

ஆகவே, படங்கள் காணாமற்போனது தெரிந்தவுடன் கார்டைக் கழற்றிவிட வேண்டும். கார்ட் முழுவதையும் முதலில் கணினியில் பிரதியெடுத்து, மீட்பு வேலையை அந்தப் பிரதியில்தான் செய்ய வேண்டும். இலவசமாகக் கிடைக்கும் போட்டோரெக் என்ற மென்பொருள் அட்டவணையை நம்பியிராமல், ஜேபெக் என்ற வழக்கமான கோப்பு வடிவிலுள்ள படங்களின் தொடக்கத்திலுள்ள அடையாளக் குறியைத் தேடி அவற்றை எடுத்துத் தருகிறது. கோப்புகளின் பழைய பெயர்கள் பெரும்பாலும் கிடைக்கமாட்டா. மீட்டவற்றை அதே கார்டில் சேமிக்கவும் கூடாது. ஆன்ட்ரொய்ட் தொலைபேசியின் உட்சேமிப்பாக மாற்றப்பட்ட கார்ட், அந்தத் தொலைபேசியால் மட்டுமே படிக்கக்கூடியவாறு மறைகுறியாக்கப்பட்டிருக்கும் என்பதால், அந்தத் தொலைபேசியை ரீசெட் செய்துவிட்டால் கார்டிலுள்ளவற்றைப் படிக்க வழியில்லாமற் போகும்.

மலிவாக விற்கப்படும் போலிக் கார்டுகளின் விடயம் இதைவிடக் கொடியது. 8 ஜிபி மட்டுமே கொள்ளும் கார்ட், 128 ஜிபி என்று கணினிக்கே பொய்க்கணக்குக் காட்டும். கொள்ளளவைத் தாண்டி எழுதப்பட்டவை முறையாகப் பதிவாவதே இல்லை. அவற்றை எந்த நிபுணராலும் மீட்க முடியாது.

1983 ஜூலையிலும் பின்னர் நேர்ந்த இடப்பெயர்வுகளிலும் படத் தொகுப்புகளை இழந்த எத்தனையோ குடும்பங்கள், உறவினர்களிடம் எஞ்சியிருந்த ஓரிரு படங்களைத் தொலைபேசியில் பிரதியெடுத்து வைத்திருக்கின்றன. அத்தகைய கார்டைக் கையில் வாங்கும் கடைக்காரர், பிரதியெடுக்காமலும் உரிமையாளரின் எழுத்துமூலச் சம்மதம் பெறாமலும் ஃபோமட் செய்யலாகாது என்ற நடைமுறையை நுகர்வோர் அலுவல்கள் அதிகார சபை வலியுறுத்த வேண்டும். போலிக் கார்ட் வாங்கி ஏமாந்தவர்களும் பற்றுச்சீட்டுடன் அச்சபையின் 1977 என்ற இலக்கத்தில் முறையிட முன்வர வேண்டும்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர்,
வெள்ளவத்தை, கொழும்பு 06.