ப்ளூடூத்தில் கேட்டுவிட்டுத் தீர்ப்பா?

அன்புள்ள ஆசிரியருக்கு,

வணக்கம். சென்ற இதழின் இசைப் பக்கத்தில், 'எழுபதுகளின் பாட்டுக்கு லாஸ்லெஸ் எதற்கு, பழைய ரெக்கார்டிங்தானே' என்று ஒரு வரி. லாஸ்லெஸ் என்றால் ஒலியில் எதையும் இழக்காத ஃபைல்; எம்பி3 என்றால் ஒலியில் கொஞ்சத்தைத் தள்ளிவிட்டுச் சுருக்கிய ஃபைல். எர்த், விண்ட் அண்ட் ஃபயர் என்ற அமெரிக்க இசைக்குழுவின் ஆல்பங்களை ப்ளூடூத் ஹெட்போனில் கேட்டுவிட்டு, எம்பி3-க்கும் லாஸ்லெஸுக்கும் வித்தியாசமே இல்லை என்று முடித்துவிட்டார் கட்டுரையாளர். சாதாரண ப்ளூடூத், பாட்டை மறுபடியும் சுருக்கித்தான் ஹெட்போனுக்கு அனுப்பும் என்பது உங்களுக்குத் தெரியாததா? அச்சுக்குப் போகுமுன் அவரிடம் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்.

பழைய ரெக்கார்டிங் என்றால் மட்டமான ரெக்கார்டிங் இல்லை, ஐயா. கொலராடோ மலையில் கரிபூ ராஞ்ச் ஸ்டூடியோவில் பதிவாகி 1975-இல் வந்த அவர்களுடைய ஆல்பத்தை, ஒயர் ஹெட்போனில் ஃப்ளாக் (FLAC) என்ற லாஸ்லெஸ் ஃபைலாகக் கேட்கிறேன். குழுவின் வெர்டீன் வைட் வாசிக்கும் பேஸ் கிதாரில் ஒவ்வொரு சுரமும் எங்கே நிற்கிறது என்பது வரை தெரிகிறது. அவர்கள் வாசிக்கும், தாளத்தை முன்னிறுத்தும் ஃபங்க் இசையின் உயிரே அந்த நிறுத்தத்தில்தான் இருக்கிறது. என்னிடமுள்ள பழைய 128 கேபிபிஎஸ் (நொடிக்கு 128 கிலோபிட்) எம்பி3-இல் அந்த இடம் மழுங்கிப் போகிறது. டிரம்ஸில் ஜோடித் தட்டான ஹை-ஹாட்டின் ஓசை தண்ணீரில் கரைந்ததுபோல் குழம்புகிறது. சிடியில் நொடிக்கு 1411 கிலோபிட். அதில் பதினொன்றில் ஒரு பங்குதான் அந்த எம்பி3. ஃப்ளாக், ஃபைலின் அளவைக் குறைத்தாலும் ஒலியில் எதையும் தள்ளுவதில்லை.

இது முதல் தடவையும் இல்லை. எப்போது எழுதினாலும் அவர்களை 'டிஸ்கோ குழு' என்றே போடுகிறீர்கள். மாரிஸ் வைட், சிகாகோவில் செஸ் ரெக்கார்ட்ஸ் என்ற இசைத்தட்டு நிறுவனத்தில் டிரம்ஸ் வாசித்து, பியானோ கலைஞர் ராம்சி லூயிஸுடன் ஜாஸ் வாசித்து, அதற்கப்புறம் இந்தக் குழுவைத் தொடங்கியவர். 2016 பிப்ரவரியில் அவர் இறந்தபோது உங்கள் பக்கத்தில் இரண்டே வரி. அந்த 1975 ஆல்பத்தின் வாத்திய அமைப்பில் பெரும் பங்குள்ள சார்ல்ஸ் ஸ்டெப்னி, அடுத்த வருடமே 45 வயதில் போய்விட்டார். அவர் பெயரை உங்கள் இதழில் நான் பார்த்ததே இல்லை. இத்தனை காலம் சந்தா கட்டிப் படிப்பவனுக்கு இது வலிக்கத்தான் செய்யும்.

பழைய பதிவைச் சத்தம் ஏற்றி, இறுக்கி மறுபடி வெளியிடும் ரீமாஸ்டர்களைப் பற்றியும் கட்டுரையில் பேச்சே இல்லை. பிரதிகளுக்கெல்லாம் மூலமான மாஸ்டரே கெட்டிருந்தால் லாஸ்லெஸும் அந்தக் கெட்டதைத்தான் கொடுக்கும்.

சரி, நான் கேட்பது ஒன்றுதான். இனி ஆல்பம் விமர்சனத்தின் அடியில், எந்த வருடத்து மாஸ்டர், எந்த ஃபார்மட், எந்த ஹெட்போன் என்று ஒரு வரி போடுங்கள்.

இப்படிக்கு,
நெடுநாள் வாசகன்