யாமும் கம்பும்: நம் சங்கத்தின் 2025 ஆண்டறிக்கை

எல்லோருக்கும் வணக்கம். வழக்கமாகச் சந்தா, கூட்டம், வரவு செலவு என்று படித்து, நீங்கள் கொட்டாவி விடத் தொடங்கும்போதுதான் கிழங்குக்கு வருவேன். இந்த முறை கிழங்கு, அதாவது நாம் பயிரிடும் யாம் (yam) என்ற கொடிக்கிழங்கு, முதலில்.

ஜமைக்காவின் தெற்கு ட்ரெலானியில் இருக்கும் நமக்கு அக்டோபர் 28 வரை ஒரு வருடம், அதற்கப்புறம் வேறு வருடம். 2024 ஜூலையில் பெரில் புயல் ஜமைக்காவின் தெற்குக் கரையோரமாகப் போனபோது சாய்ந்த கொடிகளை ஒருவழியாக நிமிர்த்தி, புதிதாக நட்டு, அறுவடை நெருங்கும் நேரத்தில், அந்த அக்டோபர் 28 அன்று, மெலிசா புயல் மணிக்கு ஏறத்தாழ 295 கிலோமீட்டர் காற்றோடு வெஸ்ட்மோர்லாந்தில் கரையேறி, தீவைக் கடந்து வடக்கே போனது.

"கிழங்கெல்லாம் போச்சா?" என்று வெளிநாட்டிலிருந்து போன் வந்தபடியே இருந்தது. போகவில்லை. நாலாம் நாள் கிழங்கு நட்ட என் மேடு ஒன்றைக் கையால் பறித்துப் பார்த்தேன், மஞ்சள் யாம் அப்படியே இருந்தது, நுனி மட்டும் வெளுத்து இளசாக. ஆனால் இலை போன பிறகு அது எங்கே பெருக்கும்? 2008இல் கஸ்டாவ் புயலுக்குப் பிறகு இந்தத் தீவில் வாழை ஏற்றுமதி நின்றபோதும் யாம் தாக்குப்பிடித்தது மண்ணுக்குள் இருந்ததால்தான். அதே வருடம் ஓட்டக்காரர் உசைன் போல்ட் பெய்ஜிங் ஒலிம்பிக்கில் ஓடி ஜெயித்ததற்கு நம் ஊர் மஞ்சள் யாம்தான் காரணம் என்று அவர் அப்பா சொன்னதும் நமக்கு நல்ல விளம்பரம்!

போனது கம்பு. யாம் கொடி ஏற மேட்டுக்கு ஒரு கம்பு வேண்டும், நல்ல லாக்வுட் என்றால் சில வருடம் நிற்கும், கண்ட மரம் என்றால் ஒரே பருவத்தில் அடி மக்கிவிடும். புயல் சாய்த்த மரங்களைப் பார்த்துச் சிலர் "கம்பு இலவசம்" என்று சந்தோஷப்பட்டார்கள், நானும்தான் ஒரு வண்டி ஏற்றினேன், பாதி மெத்து மரம். அது தீர்ந்ததும் மறுபடி காக்பிட் கன்ட்ரி காட்டுக்குள் கத்தியோடு போவோம். ஏற்றுமதிக் கணக்கில் இந்த மரம் எங்கேயும் எழுதப்படுவதில்லை. வேலியோரம் கிளைரிசிடியா மரம் வைத்துக் கம்பு வெட்டலாம் என்று போன கூட்டத்தில் பேசினோம், வைத்தது மூன்று பேர்.

இன்னொன்று, தலை, அதாவது கிழங்கின் முளைவிடும் மேல்பகுதி. கிழங்கை அறுத்துவிட்டுத் தலையை மண்ணுக்குள் மூடி வைப்பதுதான் நம் வழக்கம், அடுத்த பயிர் அதில்தான். நவம்பரில் கைச்செலவுக்கு வழியில்லாமல் பலர் தலையையும் விற்றுவிட்டார்கள். குறை சொல்லவில்லை, ஆனால் 2026 விளைச்சல் குறைந்தால் புயல் மேல் மட்டும் பழி போடாதீர்கள். கிழங்கைச் சிறு துண்டுகளாக வெட்டி நடும் மினிசெட் முறை, நைஜீரியாவில் உருவானது, தலைத் தட்டுப்பாட்டுக்குக் கைகொடுக்கும். கிழங்கு சின்னதாக வரும் என்று மூத்தவர்கள் முகம் சுளிக்கிறார்கள். லண்டனிலும் டொராண்டோவிலும் வாங்குகிறவர்களுக்குப் பெட்டிக்குள் அடங்கும் கிழங்குதான் வசதி.

திருட்டு வழக்கம்போல. இரவுக் காவல் முறை இரண்டு வாரம் நடந்தது, அப்புறம் மழை.

சரி, கணக்கு: பொருளாளர் தனியாகப் படிப்பார், பற்றாக்குறை இல்லை. யாரிடம் எத்தனை கம்பு, எத்தனை தலை மிச்சம் என்று எழுதும் நோட்டு என்னிடம்தான் இருக்கிறது. இன்னும் நாலு பேர் எழுதவில்லை, யார் என்று அவர்களுக்கே தெரியும்.

இப்படிக்கு,
செயலாளர்