தோழிகள் வருவதற்கு முன்

அன்புள்ள மகளுக்கு,

நீ அனுப்பிய வாடகை ஒப்பந்தத்தை முழுவதும் படித்தேன். துரைப்பாக்கத்தில் மூன்று படுக்கையறை வீட்டுக்கு 36,000 ரூபாய் வாடகை, மூன்று மாத முன்பணம். அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் கடைசிப் பக்கத்தில், 'உள்வாடகைக்கோ மேல்வாடகைக்கோ விடக்கூடாது' என்று இருக்கிறது. அதாவது, நீ வாடகைக்கு எடுத்த வீட்டை நீயே இன்னொருவருக்கு வாடகைக்கு விடக்கூடாது. அந்த வரியின் கீழேதான் உன் கையெழுத்து. இந்த நிலையில், உனக்கு வாடகை தந்து தங்கப்போகும் உன் தோழிகள் இருவரும் ஒன்றாம் தேதி பெட்டியோடு வந்து இறங்குவது எனக்குச் சரியாகப் படவில்லை.

வாடகை தேதி தவறாமல் போனால் வீட்டுக்காரர் எட்டிக்கூடப் பார்க்கமாட்டார் என்று தரகர் சொன்னாராம். பிரச்சினை வரும்போது தரகர் வந்து நிற்கமாட்டார் அம்மா. 2019 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்த தமிழ்நாட்டு வாடகைச் சட்டப்படி, உரிமையாளரின் எழுத்துமூலமான சம்மதமின்றி வீட்டின் ஒரு பகுதியை அடுத்தவருக்கு விட்டாலும், காலி செய்யச் சொல்ல அதுவே போதுமான காரணம். அதற்கு முன்பிருந்த 1960ஆம் ஆண்டுச் சட்டத்திலும் இப்படித்தான்.

அந்தப் பழைய சட்டம் நம் வீட்டுக்குள் வந்து போனது உனக்கு நினைவிருக்காது, நீ கைக்குழந்தை. திருவல்லிக்கேணியில் நாம் இருந்த அறை, இன்னொரு வாடகைதாரர் நமக்கு உள்வாடகைக்கு விட்டது. உரிமையாளர் அவர்மேல் வழக்குப் போட்டு ஜெயித்தபோது நாமும் அவரோடு வெளியேற வேண்டியதாயிற்று. கொடுத்த முன்பணத்துக்கு ரசீது கிடையாது. மாதாமாதம் அவர் நோட்டுப் புத்தகத்தில் 'வரவு' என்று எழுதிக் காட்டுவார், அவ்வளவுதான். பணம் திரும்பி வரவே இல்லை. உன் அம்மா அடுப்புச் சாமான்களைச் சாக்கில் கட்டிக்கொண்டு தெருவில் நின்றாள். உன்னை நம்பி வரும் பெண்களுக்கு அப்படி ஒரு நாள் வந்துவிடக்கூடாது என்பதுதான் என் கவலையெல்லாம்.

உள்வாடகையே வேண்டாம் என்பேன். மூவர் பெயரையும் சேர்த்துப் புதிய ஒப்பந்தம் போடச் சொல்லி உன் வீட்டுக்காரரிடம் கேள். மூவருக்கும் ஒரே உரிமை, ஒரே பொறுப்பு. அதற்கு அவர் இணங்காவிட்டால், யார் யார் தங்குகிறார்கள் என்று பெயரோடு ஒரு சம்மதக் கடிதமாவது வாங்கு. வாட்ஸ்அப்பில் கட்டைவிரல் காட்டுவதைச் சம்மதமாக எடுத்துக்கொள்ளாதே. எழுதிக் கையெழுத்திட்டுத் தரட்டும்.

தோழிகளிடம் ஆளுக்கு 14,000 வாங்கினால் உனக்கு 8,000தான் ஆகும் என்றாய். அது எனக்குப் பிடிக்கவில்லை. பெரிய அறை உனக்கு, வாடகையும் குறைவு என்றால் எந்தத் தோழி மனம் நோகமாட்டாள்? ஃப்ரிட்ஜும் வாஷிங் மெஷினும் உன்னுடையவை என்றால் அதற்கு இவ்வளவு என்று வெளிப்படையாகச் சொல்லி வாங்கு. அவர்கள் தரும் முன்பணத்துக்கு ரசீது கொடு, அந்தத் தொகையைத் தொடாமல் தனியாக வை.

மின்கட்டணத்தையும் முதலிலேயே பேசிவிடு. மூன்று ஏ.சி. ஓடினால் இரண்டு மாதத்தில் 500 யூனிட் தாண்டிவிடும். தாண்டினால் 101ஆவது யூனிட்டிலிருந்தே கட்டணம் கூடிவிடும், கடைசியில் கூடிய யூனிட்டுக்கு மட்டும் இல்லை. ஒருத்தி ஊருக்குப் போயிருந்த மாதத்தில் இதுதான் சண்டைக்கு வித்தாகும்.

வீட்டுக்காரருக்கு அனுப்ப வேண்டிய கடிதத்தை நானே எழுதி இத்துடன் வைத்திருக்கிறேன். தோழிகளின் பெயரையும் வேலை பார்க்கும் இடத்தையும் நிரப்பிக் கையெழுத்திட்டு அனுப்பு. பதில் வரும்வரை அவர்கள் இருக்கும் விடுதியைக் காலி செய்யவேண்டாம் என்று இன்றே சொல்லிவிடு.

அன்புடன்,
அப்பா